சுவர்க்கோழி

ஹாரன் என்பது ஊரைக் கூட்டுவதற்காகவே செய்யப்படும் பொருள். அதை அளக்க மட்டும் ஊரிலேயே சத்தம் குறைந்த அறை ஒன்று வேண்டியிருக்கிறது. கோயம்புத்தூருக்கு வெளியே இருந்த ஓர் உதிரிபாகத் தொழிற்சாலையின் சோதனைக்கூடத்தில் 28 வருடம் அப்படி ஓர் அறைக்குள் போய் வந்துகொண்டிருந்தேன். வீட்டில் கேட்டால் 'ஹாரன் கம்பெனியில் வேலை' என்று சொல்வார்கள். என் கணக்கில் நான் பார்த்தது அமைதியைக் காவல் காக்கிற வேலை.

சேர்ந்த முதல் நாள் ஃபோர்மேன் அண்ணன் என்னைக் கூட்டிக்கொண்டு போய்க் கதவைத் திறந்தார். குளிர்பதனக் கிடங்குக் கதவு மாதிரி முக்கால் அடி கனம். உள்ளே தரை கிடையாது. காலுக்குக் கீழே இழுத்துக் கட்டிய கம்பி வலை. அதற்கும் கீழே, நாலு சுவரிலும், கூரையிலும் சாம்பல் நிறக் கூம்புகள் முனையை நம் பக்கம் நீட்டிக்கொண்டு நின்றன. கயிற்றுக் கட்டிலின் மேல் நடப்பது மாதிரி வலை அமுங்கியது.

"உள்ள போயி நடுவுல நின்னு கையத் தட்டிப் பாருங்க தம்பி" என்றார்.

தட்டினேன். சத்தம் உள்ளங்கைக்குள்ளேயே செத்துப்போயிற்று. அப்புறம் அவர் கதவை மூடினார். ஊட்டி மலையிலிருந்து பஸ் இறங்கும்போது காது அடைக்குமே, அப்படி அடைத்தது. எச்சில் விழுங்கிப் பார்த்தேன். அடைப்புப் போகவில்லை, எச்சில் இறங்குகிற சத்தம்தான் கேட்டது. இரண்டு நிமிடம் கழித்துச் சட்டைக் காலர் கழுத்தில் உரசுவது கேட்டது. தலையைத் திருப்பினால் கழுத்தெலும்பு நெரிகிற ஓசை. காலையில் தின்ற இட்லி எங்கே இருக்கிறது என்பதைக்கூடக் காதாலேயே சொல்லிவிடலாம் போலிருந்தது.

கதவைத் திறந்து, "என்ன கேட்டுது?" என்றார்.

"ஒண்ணுமே கேக்கலீங்ணா."

"பொய் சொல்லாதீங்க. ஒண்ணுமே கேக்காம இருக்காது" என்று சிரித்தார்.

அவர் சொன்னது சரி என்று புரிய எனக்குப் பல வருடம் ஆயிற்று.

இந்த அறைக்கு ஆனிக்கோயிக் சேம்பர் என்று பெயர். எதிரொலி இல்லாத அறை என்று அர்த்தம். நாங்கள் சேம்பர் என்பதோடு நிறுத்திக்கொள்வோம். வேடிக்கை பார்க்க வருகிறவர்கள், கல்லூரிப் பிள்ளைகள் எல்லாரும் அந்தக் கூம்புகள்தான் வெளிச் சத்தத்தைத் தடுக்கின்றன என்று நினைத்துக்கொள்வார்கள். அப்படி இல்லை. இங்கே நடப்பது இரண்டு வெவ்வேறு வேலை. வெளிச் சத்தம் உள்ளே வராமல் பார்த்துக்கொள்வது கான்கிரீட். பெட்டிக்குள் பெட்டியாக இரண்டு அறை கட்டி, உள்பெட்டியைப் பிரதானக் கட்டடத்தில் ஒட்டாமல் ஸ்பிரிங் மேல் உட்கார வைத்திருப்பார்கள். கூம்புகளின் வேலை உள்ளே பிறக்கும் சத்தத்தை விழுங்குவது. நாங்கள் அவற்றை ஆப்பு என்போம். கண்ணாடிப் பஞ்சை ஆப்பு வடிவத்தில் வெட்டி உறை போட்டது. ஆப்பு எவ்வளவு நீளமோ, அந்த அளவுக்குத் தாழ்ந்த சுருதியை அது விழுங்கும். 100 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் ஏறத்தாழ மூன்றரை மீட்டர். அதில் கால் பங்காவது ஆப்பின் நீளம் இருக்க வேண்டும், அதாவது முக்கால் மீட்டருக்கும் மேலே. பத்தடி அறையை ஆப்பு அடித்து முடித்தால் மிஞ்சுவது நாலடி. மேனேஜ்மென்டுக்கு அது முழுசாகப் புரிந்ததே இல்லை. இவ்வளவு பெரிய கட்டடத்தில் இவ்வளவு சின்ன இடமா என்று ஆடிட்டிங்குக்கு வருகிறவர்கள் எல்லாரும் கேட்டுவிட்டுத்தான் போவார்கள்.

ஹாரனுக்கு உண்மையில் தேவைப்படுவது அந்த ஆப்புகள் மட்டும்தான். சர்வதேச விதிப்படி காரின் ஹாரன் இரண்டு மீட்டர் தூரத்தில் 105 டெசிபலுக்குக் குறையாமல், 118க்கு மிகாமல் ஒலிக்க வேண்டும். அவ்வளவு சத்தம் போடுகிற பொருளுக்கு வெளியே ஓடுகிற லாரி ஒரு பொருட்டா? ஆனால் சுவரில் பட்டுத் திரும்பி வரும் ஒலி கலந்துவிட்டால் 105 என்பது 108 ஆகிவிடும். அதைத் தடுக்கத்தான் இத்தனை பஞ்சு. அமைதி கூடவே இனாமாக வந்தது. காருக்குள் ஏசி காற்றைத் தள்ளும் ப்ளோயர் மோட்டார், பக்கத்து ஊர் கிரைண்டர் என்று மெல்லிசாக ஓடும் சாமான்கள் சோதனைக்கு வர ஆரம்பித்த பிறகுதான் அந்த இனாமின் அருமை தெரிந்தது.

சுழி டெசிபல் என்றால் சத்தமே இல்லை என்று படித்தவர்களும் நினைக்கிறார்கள். நல்ல காது உள்ள இளவட்டத்துக்குக் கேட்கிற ஆகச் சிறிய ஒலி என்று வைத்துக்கொண்ட ஒரு கோடு, அவ்வளவுதான். காற்றழுத்தத்தில் 20 மைக்ரோபாஸ்கல் ஏற்ற இறக்கம், அதாவது நம்மைச் சுற்றியிருக்கும் காற்றின் அழுத்தத்தில் 500 கோடியில் ஒரு பங்கு. கோட்டுக்குக் கீழேயும் ஒலி உண்டு. அங்கே மைனஸ் கணக்கு ஓடும். அமெரிக்காவில் ரெட்மண்டில் மைக்ரோசாஃப்ட் கட்டிய சேம்பரில் 2015இல் மைனஸ் 20.35 டெசிபல் பதிவாகி கின்னஸ் புத்தகத்தில் ஏறியது. மினியாபொலிஸ் நகரத்து ஓர்ஃபீல்டு ஆய்வகம் 2021இல் மைனஸ் 24.9 காட்டி அந்தப் பட்டத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டது. அந்த ஆழத்தில் காற்றின் மூலக்கூறுகள் ஒன்றோடொன்று மோதிக்கொள்கிற சலசலப்பே மிச்சம். அதற்குக் கீழே போக வேண்டுமானால் காற்றையே வெளியேற்ற வேண்டும்.

எங்கள் சேம்பர் அவ்வளவு பெரிய ஆளில்லை. ராத்திரி இரண்டு மணிக்கு மேல், பாலக்காட்டு ரோட்டில் லாரி குறைகிற நேரத்தில், 10 டெசிபலுக்குக் கொஞ்சம் கீழே இறங்கும். அதையும் அளக்க முடியாமல் ஒரு காலம் தவித்தோம். சாதாரண அரை அங்குல மைக்குக்கு உள்ளேயே 15 டெசிபல் அளவுக்கு ஓர் இரைச்சல் இருக்கும். அறை அதைவிட அமைதியாக இருந்தால் மீட்டர் காட்டுவது அறையின் எண் இல்லை, மைக்கின் எண். முதல் ஆறு மாதம் நான் எழுதிய பின்னணி அளவுகள் அத்தனையும் 15, 15.2, 14.9 என்று ஒரே மாதிரி இருந்தன. இவ்வளவு நிலையான அறையா என்று பெருமைப்பட்டு ரிஜிஸ்டரில் அடிக்கோடு வேறு போட்டு வைத்திருந்தேன். ஃபோர்மேன் அண்ணன் பார்த்துவிட்டு, "தராசுத் தட்டையே எடை போட்டுட்டு இருந்திருக்கீங்க" என்றார். இரைச்சல் குறைந்த ஓர் அங்குல மைக் வந்த பிறகுதான் அறையின் சொந்த எண்ணைப் பார்த்தோம்.

பத்திரிகைகளில் ஒரு கதை அடிக்கடி வரும். இந்த மாதிரி அறையில் 45 நிமிடத்துக்கு மேல் யாராலும் இருக்க முடியாது, பைத்தியம் பிடித்துவிடும் என்பார்கள். வாட்ஸ்அப்பில் எனக்கே நாலு பேர் அனுப்பினார்கள். சுத்தப் புளுகு. நாங்கள் ஷிப்ட் முழுக்க உள்ளேயே கிடந்திருக்கிறோம். சித்திரை வெயிலில் அந்த வலைமேல் அட்டையை விரித்துப் படுத்துத் தூங்கியிருக்கிறேன். குறட்டைச் சத்தம் வெளியே கேட்காது என்பது கூடுதல் வசதி. புதிதாக வருகிறவர்களுக்கு விளக்கை அணைத்தால் கொஞ்சம் தடுமாற்றம் வரும், அது நிஜம். இருட்டில் சுவர் எங்கே இருக்கிறது என்று காதும் பாதி வேலை பார்த்துச் சொல்லிக்கொண்டிருக்கிறது. எதிரொலி இல்லாத இடத்தில் அதற்கு வேலை இல்லை. அதற்கு மேல் அதில் மர்மம் ஒன்றும் கிடையாது.

சுவர்க்கோழிக்கு வருகிறேன்.

1998 என்று நினைவு. ஒரு கம்பெனி ப்ளோயர் மோட்டார் ஒன்றைச் சோதனைக்குக் கொண்டுவந்தது. ஓடவிட்டு அலைவரிசைப் படம் எடுத்தால் 4600 ஹெர்ட்ஸ் பக்கத்தில் ஊசி மாதிரி ஒரு முனை நின்றது. பேரிங் என்று நாங்கள் சொன்னோம். அவர்கள் பேரிங்கை மாற்றிக்கொண்டு வந்தார்கள். முனை அங்கேயே இருந்தது. பிரஷ் என்றோம். பிரஷ்ஷை மாற்றினார்கள். சில தடவை முனை இருந்தது, சில தடவை இல்லை. கூட வந்த இன்ஜினியர் தம்பி இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை.

மூன்றாம் நாள் ராத்திரி மோட்டாரை நிறுத்திவிட்டு டீ குடிக்கப் போனோம். ரெக்கார்டரை நிறுத்த மறந்திருந்தேன். திரும்பி வந்து ஹெட்போனை மாட்டினால் க்ரீச்… க்ரீச்… மோட்டார் நின்று கால் மணி நேரம் ஆகியிருந்தது.

உள்ளே போய் வலைமேல் காலை வைத்த நொடியில் சத்தம் நின்றது. அசையாமல் பத்து நிமிடம் உட்கார்ந்தேன். மறுபடி ஆரம்பித்தது. எங்கிருந்து வருகிறது என்று மட்டும் பிடிபடவில்லை. எதிரொலி இல்லாத அறையில் திசை கண்டுபிடிப்பது சுலபம் என்று எல்லாருக்கும் வகுப்பெடுத்தவன் நான். ஆனால் ஒரே சுருதியில் நிற்கும் நாலாயிரத்துச் சொச்சம் ஹெர்ட்ஸ் ஒலியின் திசையைச் சொல்வதில் மனிதக் காது ரொம்ப மந்தம். வீட்டில் சுவர்க்கோழி கத்தும்போது பீரோவுக்குப் பின்னால் என்று போனால் அம்மிக்கு அடியில் கேட்பது இதனால்தான். கடைசியில் மைக்குக்கு அட்டையில் ஒரு புனல் செய்து மாட்டி, ஒவ்வொரு பக்கமாகத் திருப்பிப் பார்த்து, வலைக்குக் கீழே தென்மேற்கு மூலை என்று முடிவு செய்தோம். வலையின் ஒரு துண்டைக் கழற்றி ஃபோர்மேன் அண்ணன் கீழே இறங்கினார். ஆப்புகளை ஒவ்வொன்றாக உருவிக் கொடுத்தார், நான் வாங்கி அடுக்கினேன். கண்ணாடிப் பஞ்சு பட்டால் எப்படி அரிக்கும் என்பதை அனுபவித்தவர்களிடம்தான் கேட்க வேண்டும். நாற்பதாவது ஆப்போ நாற்பத்தொன்றோ, அதன் அடியில் உட்கார்ந்திருந்தது. பழுப்பு நிறம், என் சுண்டுவிரல் நகம் அளவு, மீசை மட்டும் உடம்பைவிட நீளம்.

நசுக்கிவிடுவார் என்று நினைத்தேன். வெற்றிலைப் பெட்டிக்குள் பிடித்துப் போட்டுக்கொண்டு போய் வாசலில் முருங்கை மரத்தடியில் விட்டார். "மூணு நாள் வாடக பாக்கி இருக்குது" என்றார். ரிப்போர்ட்டில் எப்படி எழுதுவது என்று பெரிய விவாதம் நடந்தது. 'புற மூலம், நீக்கப்பட்டது' என்று எழுதினோம். அந்த இன்ஜினியர் தம்பி இப்போது பெரிய பதவியில் இருக்கிறார். எங்கே பார்த்தாலும் க்ரீச் என்றுதான் வணக்கம் சொல்வார்.

இந்த வேலைக்கு வந்தபின் அமைதியான இடம் என்று யாராவது ஒரு பெயரைச் சொன்னால் போய்ப் பார்க்கும் பழக்கம் வந்துவிட்டது. முதலில் போனது பக்கத்திலேயே இருக்கும் சைலண்ட் வேலி. ஆனைகட்டி தாண்டி அட்டப்பாடி வழியாக முக்காலி, அங்கிருந்து வனத்துறை ஜீப்பில் சைரந்திரி. நீர்மின் திட்டத்தை எதிர்த்து எழுபதுகளில் கேரளமே கிளம்பிக் காப்பாற்றிய காடு, 1984இல் தேசியப் பூங்கா ஆனது. காட்டில் சிள்வண்டு இல்லாத காரணத்தால் வெள்ளைக்காரர்கள் அந்தப் பெயரை வைத்தார்கள் என்பது ஒரு கதை. சைரந்திரி என்ற பெயர்தான் வெள்ளைக்காரன் வாயில் அப்படித் திரிந்தது என்பது இன்னொன்று. சிங்கவால் குரங்கின் அறிவியல் பெயரான சைலீனஸிலிருந்து வந்தது என்பவர்களும் உண்டு. நான் மீட்டரைக் கையில் பிடித்துக்கொண்டு போனேன். சைரந்திரியில் கீழே குந்திப்புழை ஓடுகிற ஓசை, இலையில் நீர் சொட்டுகிற ஓசை, எங்கோ ஒரு மலை இருவாச்சி. மீட்டர் எந்த நேரத்திலும் என் சேம்பரின் பக்கத்தில்கூட வரவில்லை. கொஞ்ச நேரத்தில் அதை அணைத்துப் பையில் போட்டுவிட்டேன். அந்த எண்ணால் அந்த இடத்தைப் பற்றி ஒன்றும் சொல்ல முடியாது என்று தோன்றியது.

கார்டன் ஹெம்ப்டன் என்ற ஒலிப்பதிவாளர் இதையே எனக்கு முன்னால் சொல்லியிருக்கிறார். அமெரிக்காவின் ஹோ மழைக்காட்டில், பாசி படிந்த ஒரு மரக்கட்டையின் மேல் சிறிய சிவப்புக் கல் ஒன்றை 2005ஆம் ஆண்டு பூமி தினத்தன்று வைத்து, அந்த ஒரு சதுர அங்குலத்தில் மட்டுமாவது மனிதன் போடும் சத்தம் கேட்கக் கூடாது என்று போராடியவர். மழையும் தவளையும் கத்தட்டும், விமானம் வேண்டாம் என்பதே அவர் கேட்டது. ஆனால் பக்கத்துக் கடற்படைத் தளத்துப் போர்விமானங்கள் அந்தக் கல்லுக்கு மேலேயே பறக்கின்றன.

எண்ணிலும் அமைதியாக இருந்த இடம் கட்ச் வளைகுடாவுக்கு வடக்கே, வெள்ளை ரண். ஜனவரியில் மனைவியோடு டூர் போனபோது பார்த்தேன். பஸ், ஒட்டகம், கூட்டம் எல்லாவற்றையும் விட்டு உப்பின் மேல் ரொம்ப தூரம் நடந்தோம். மரம் இல்லை, எனவே இலை இல்லை. தண்ணீர் இல்லை, எனவே தவளை இல்லை. பூச்சிகூட இல்லை. காற்று ஒரு நிமிடம் நின்றபோது முதல் நாள் சேம்பரில் அடைத்த மாதிரியே காது அடைத்தது. கை தட்டினேன். திரும்பி வரவில்லை, எதில் பட்டுத் திரும்பும்? எங்கள் தொழிலில் தரை மட்டும் கெட்டியாக, மற்ற ஐந்து பக்கமும் ஆப்பு வைத்த அறைகள் உண்டு. கார்களைச் சோதிக்க அதுதான் வசதி. அந்த அறையைக் கூரையில்லாமல் அடிவானம் வரை விரித்துப் போட்டது மாதிரி இருந்தது. மனைவி, "இதுக்கா இவ்வளவு தூரம் வந்தோம்? உங்க ரூமுக்கே கூட்டிட்டுப் போயிருக்கலாமே" என்றாள்.

அங்கே நின்றபோதுதான் என் காதில் ஏதோ கேட்கிறது என்பதை முதல் தடவை கவனித்தேன். மெல்லிசாக, விடாமல், ரொம்ப தூரத்துச் சிள்வண்டு மாதிரி.

இசையமைப்பாளர் ஜான் கேஜ் 1951இல் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தின் சேம்பருக்குள் போய்விட்டு வந்து, உச்சத்தில் ஒன்றும் கீழ்ச் சுருதியில் ஒன்றுமாக இரண்டு ஒலி கேட்டதாகச் சொன்னார். உச்சம் உங்கள் நரம்பு மண்டலம், கீழ்ச் சுருதி உங்கள் ரத்த ஓட்டம் என்று அங்கிருந்த இன்ஜினியர் சொல்லி அனுப்பினாராம். அடுத்த வருடம் கேஜ் ஒரு ஸ்வரமும் வாசிக்காத 4 நிமிடம் 33 நொடி உருப்படியை எழுதினார். ரத்த ஓட்டம் சரியாக இருக்கலாம். நரம்பு மண்டலம் என்பதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். அது காதின் சொந்த இரைச்சல். ஹெல்லர், பெர்க்மன் என்ற இரண்டு அமெரிக்கர்கள், கேள்விக் குறை எதுவும் இல்லாத 80 பேரை ஒலி புகாத அறைக்குள் உட்காரவைத்து என்ன கேட்கிறது என்று எழுதச் சொன்னார்கள். 1953இல் வெளியான அந்த ஆய்வில் 94 சதவீதம் பேர் ஏதோ ஓர் ஒலி கேட்டதாக எழுதியிருந்தார்கள். ஃபோர்மேன் அண்ணன் முதல் நாள் என்னிடம் பொய் சொல்லாதீர்கள் என்றது இதைத்தான். மைக்குக்கு உள்ளே இருப்பது மாதிரியே காதுக்கு உள்ளேயும் ஒன்று இருக்கிறது.

எனக்குக் கேட்டது அந்த 94 சதவீதத்தில் சேர்ந்தது என்று சமாதானம் சொல்லிக்கொண்டு ஊர் திரும்பினேன். ஆனால் அது பகலிலும் கேட்க ஆரம்பித்தது. ஃபேன் ஓடும்போதும் கேட்டது.

அதற்குக் காரணம் சேம்பர் இல்லை, சேம்பருக்குப் பக்கத்து அறை. ஹாரனுக்கு ஆயுள் சோதனை என்று ஒன்று உண்டு. ஒரு நொடி ஊதும், நாலு நொடி ஓயும், இப்படிப் பல்லாயிரம் தடவை. அதற்காக ஹாரன்களை மாட்டி வைக்கும் ரேக்கின் கதவு சரியாக மூடாது. எழுதிக் கொடுத்தால் அடுத்த பட்ஜெட்டில் பார்க்கலாம் என்பார்கள். காதடைப்பான் டிராயரில் இருக்கும். போட்டுக்கொண்டால் ரிலே கிளிக் கேட்காது என்று நாங்கள் போடுவதில்லை. இந்தியத் தொழிற்சாலை விதிப்படி ஒரு நாளில் எட்டு மணி நேரத்துக்கு 90 டெசிபல்தான் அனுமதி, 115க்கு மேல் ஒரு நொடிகூடக் கூடாது. இது எங்களைவிட நன்றாகத் தெரிந்தவர்கள் ஊரில் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? ஊர் முழுக்கச் சத்தத்தை அளந்து சான்றிதழ் கொடுத்தவர்கள் நாங்கள்.

ஓய்வு பெற்ற பிறகு காது டாக்டரிடம் போனேன். ஒலி புகாத சின்னப் பெட்டிக்குள் உட்காரவைத்து ஹெட்போன் மாட்டினார்கள். பெட்டி சுமார்தான், கதவு ரப்பர் தேய்ந்திருந்தது, சொல்லவில்லை. சோதித்த பெண் பிரிண்ட்டைக் கையில் கொடுத்தபோது அவள் விளக்குவதற்கு முன்னால் நானே பார்த்துவிட்டேன். கோடு நேராக வந்து 4000 ஹெர்ட்ஸில் பள்ளமாக இறங்கி, 8000இல் கொஞ்சம் ஏறியது. சத்தத்தில் வேலை பார்த்தவனின் கையெழுத்து அது. இடது காதில் பள்ளம் 50 டெசிபல். அங்கே செத்துப்போன செல் திரும்ப முளைக்காது என்றார் டாக்டர். மூளை அந்த இடத்தைக் காலியாக விடப் பிடிக்காமல் தானே ஒரு ஒலியைப் போட்டு நிரப்புவதாகவும் சொன்னார்.

போன ஐப்பசியில் மழை விட்ட ஒரு ராத்திரி, மனைவி எழுந்து உட்கார்ந்து, "அந்தச் சுவர்க்கோழியப் பிடிச்சு வெளிய விடுங்க, தூங்க முடியல" என்றாள். நான் காதைக் கொடுத்துக் கேட்டேன். என் காதில் இருப்பது மட்டும் கேட்டது. அவள் சொன்னது எனக்குக் கேட்கவில்லை. டார்ச்சை எடுத்துக்கொண்டு அவள் கை காட்டிய பக்கமெல்லாம் குனிந்து பார்த்தேன்.

ஹாரன் ரேக், ஜெனரேட்டர் அறை, பவர் பிரஸ், தறி, இவற்றின் பக்கத்தில் நின்று வேலை பார்க்கும் தம்பிகள் இதைப் படித்தால் இரண்டு காரியம் செய்யுங்கள். டிராயரில் கிடக்கும் காதடைப்பானை எடுத்துப் போடுங்கள். வருடத்துக்கு ஒரு தடவை காதைச் சோதித்து, அந்தத் தாளில் 4000க்கு நேரே கோடு எங்கே நிற்கிறது என்று மட்டும் பாருங்கள்.